காலையில் அடித்த மருந்து

அந்தப் பெட்டியை மடியிலேயே வைத்துக்கொள்ளுங்கள் தம்பி, கீழே வைக்க வேண்டாம். இந்த பஸ் குதிக்கிற குதியில் உள்ளே தேனடை உடைந்து விழுந்துவிடும். எனக்கு எப்படித் தெரியும் என்று பார்க்கிறீர்களா? வாசலில் வலை வைத்து அடைத்திருக்கிறீர்கள். காதைக் கிட்டே கொண்டுபோனால் தூரத்தில் மோட்டார் ஓடுகிற மாதிரி ஒரு சத்தம் வருகிறது. அந்தச் சத்தத்தை ஐந்து வருஷம் கேட்டிருக்கிறேன். பக்கத்து வரப்பில்.

பகலில் கொண்டுபோகிறீர்களே. பொழுது சாய்ந்து, வெளியே போனதெல்லாம் வீடு திரும்பிய பிறகுதான் அவள் பெட்டியை நகர்த்துவாள். பகலில் எடுத்தால், மேயப் போனது திரும்பி வந்து பெட்டி இருந்த இடத்தையே சுற்றிக்கொண்டிருக்குமாம். சரி, உங்களுக்குத் தெரியாததா. எனக்கு இதெல்லாம் தெரிய வேண்டிய அவசியமும் இல்லை. நான் தர்பூசணி போடுகிறவன்.

அவள் என்றால் என் தங்கை. தனபாக்கியம். நேற்றுக் காலையில் இறந்துவிட்டாள். அங்கேதான் போகிறேன். இந்தப் பையில் இருப்பது கோடிப் புடவை.

நீங்கள் ஒன்றும் சொல்ல வேண்டாம். முகத்தை அப்படி வைத்துக்கொள்ளவும் வேண்டாம். எனக்கு ஒன்றும் இல்லை. காலையிலிருந்து நானும் பார்த்துக்கொண்டுதான் இருக்கிறேன், ஒன்றும் இல்லை. டீ குடித்தேன். மாட்டுக்குத் தண்ணீர் காட்டினேன். எனக்கும் அவளுக்கும் பதினோரு வருஷமாகப் பேச்சு கிடையாது.

எங்கள் பக்கத்தில் பிறந்த வீட்டுக் கோடி வந்து போர்த்தாமல் ஒரு பெண்ணை எடுக்க மாட்டார்கள். அப்பா அம்மா போய்ச் சேர்ந்துவிட்டார்கள். பிறந்த வீடு என்றால் இப்போது நான் ஒருத்தன்தான். அவள் மருமகன் சிவராஜ் நேற்றே போன் செய்தான். இன்று காலை எட்டு மணிக்கு மறுபடியும் செய்தான். "மாமா, நீங்க வந்தாதான் எடுக்க முடியும். கொஞ்சம் சீக்கிரம் வாங்க மாமா, வெயிலு ஏறிட்டா கஷ்டம்" என்றான். நல்ல பையன். என் வீட்டுக்காரி அம்சா முதல் பஸ்ஸிலேயே போய்விட்டாள். நான் வருகிறேன் என்றேன். முதல் பஸ்ஸை விட்டேன். ஒன்பதரை பஸ்ஸையும் விட்டேன். கடைக்காரன் புடவை எடுத்துக்கொடுக்க நேரம் ஆக்கிவிட்டான்.

நீங்கள் எங்கே இறங்க வேண்டும்? ஆலங்குப்பத்துக்கு அடுத்ததா. எனக்கு ஆலங்குப்பம். இன்னும் அரைமணி நேரம் இருக்கிறது.

அப்பாவுக்கு மூன்று ஏக்கர். தனபாக்கியத்தைக் கட்டிக்கொடுத்தோம், சீர் செய்தோம், எல்லாம் முறையாகச் செய்தோம். பத்து வருஷத்தில் புருஷன் போய்விட்டான். ஒரே பெண்ணைக் கையில் பிடித்துக்கொண்டு திரும்பி வந்தாள். வா என்றுதான் சொன்னேன். வேண்டாம் என்று சொல்லவில்லை. அப்பா இருக்கிற வரைக்கும் ஒன்றாகத்தான் சாப்பிட்டோம். அப்பா போன பதினாறாம் நாள் காரியம் முடிந்து பாத்திரம்கூடக் கழுவவில்லை, "எனக்கும் பங்கு உண்டுண்ணா" என்றாள்.

சட்டம் இருக்கிறதாம். இருக்கட்டும். எனக்குச் சட்டம் தெரியாது, நாலாவது வரைக்கும் படித்தவன். பெரியவர்கள் நாலு பேர் உட்கார்ந்து பேசினார்கள். மேற்கே தருகிறேன் என்றேன். மேற்கே களர். அவள் கிழக்கே கேட்டாள். கிணற்றை ஒட்டின கிழக்கே, புங்க மரம் இருக்கிறதே, அந்தத் துண்டு. முக்கால் ஏக்கர். பாதி கேட்டிருக்கலாம், முக்கால் ஏக்கர்தானே கேட்கிறாள் என்று எல்லாரும் என் வாயை அடைத்தார்கள். கையெழுத்துப் போட்டேன். கைநாட்டு இல்லை, கையெழுத்து. அன்றிலிருந்து பேச்சு இல்லை.

பேச்சு இல்லை என்றால், ஒரே கிணறு, ஒரே வாய்க்கால், எப்படி முடியும் என்று கேட்பீர்கள். மாடு இருந்தது. செவலை. வரப்போரம் கட்டியிருப்பேன், அவள் நிலத்துக்கும் என் நிலத்துக்கும் நடுவில். அவள் வந்து மாட்டிடம் சொல்வாள். "ஏய் செவலை, வாய்க்கா ஒடைஞ்சி தண்ணி ரோட்டுக்குப் போவுது, ஒருத்தர் கண்ணுக்கும் தெரியலயா?" நான் இந்தப் பக்கமிருந்து, "எங்களுக்கு எல்லாம் தெரியும், நீ வைக்கோலத் தின்னு" என்பேன். மாட்டிடம்தான். அது இரண்டு பேர் சொல்வதையும் கேட்கும். எந்தப் பக்கமும் பேசாது. மனுஷனுக்கு அந்தக் குணம் வராது.

ஒருமுறை எனக்குக் காய்ச்சல். நான்கு நாள் கழித்து வயலுக்குப் போகிறேன். "செவலை, உங்க முதலாளி மூஞ்சி வத்திப்போச்சே, கஞ்சி குடிக்கிறாரா இல்லையா?" என்றாள். "செத்துப்போயிட்டா மேற்கையும் எழுதி வாங்கிக்கலாம்னு யாரோ பாக்குறாங்க போல இருக்குது செவலை" என்றேன். அவள் சிரித்தாள். அவளுக்கு எதற்கெடுத்தாலும் சிரிப்பு. எனக்குச் சிரிப்பு வரவில்லை.

ஆறு வருஷத்துக்கு முன்னால் மகளிர் குழுவில் ஏதோ பயிற்சி என்று போய்விட்டு வந்து, புங்க மரத்தடியில் பெட்டி வைத்தாள். முதலில் இரண்டு. அப்புறம் நாலு. அப்புறம் எட்டு. ஒவ்வொரு பெட்டிக்கும் ஸ்டாண்டு, ஸ்டாண்டின் கால் ஒவ்வொன்றும் ஒரு கிண்ணத்துத் தண்ணீரில் நிற்கும், எறும்பு ஏறாமல் இருக்க. காலையில் வந்து முதல் வேலையாகக் கிண்ணத்துக்குத் தண்ணீர் ஊற்றுவாள். அப்புறம் ஒவ்வொரு பெட்டியின் முன்னாலும் குந்தி உட்கார்ந்து வாசலைப் பார்ப்பாள். பார்த்துக்கொண்டே இருப்பாள். பொம்பளைக்கு வேறு வேலை இல்லை என்று நினைப்பேன்.

உங்களுக்குத் தெரியுமா தம்பி, அந்தப் பூச்சி எல்லாம் எங்கே போகும்? அவள் நிலத்தில் என்ன இருந்தது? கொஞ்சம் எள்ளு, கொஞ்சம் கத்தரி. தை மாசத்தில் நேராக வரப்பைத் தாண்டி என் வயலுக்குத்தான் வரும். இரண்டே கால் ஏக்கர் தர்பூசணி. மார்கழியில் விதை ஊன்றினால் தையில் பூ. மஞ்சள் பூ, சின்னதாக இருக்கும், விரல் நுனி அளவு. காலை ஏழு மணிக்கு விரியும், வெயில் ஏறி மத்தியானம் ஆனால் மூடிக்கொள்ளும். அந்த நேரத்துக்குள் ஒரு பூ பாக்கி விடாது. ஒவ்வொன்றிலும் ஒன்று உட்கார்ந்திருக்கும். கொடியெல்லாம் சத்தமாக இருக்கும். நான் என் வயலில் நிற்கிறேன், என் பூ, என் தண்ணீர், என் உரம், அவள் பூச்சி வந்து எடுத்துக்கொண்டு போகிறது. வேலி போட முடியுமா?

வருஷம் ஒரு பாட்டில் தேன் அம்சாவிடம் கொடுத்தனுப்புவாள். நான் தொட்டது இல்லை. பரணில் ஏற்றி வைத்துவிடுவேன். ஐந்து பாட்டில் இருக்கிறது. நாலரை என்று சொல்ல வேண்டும், ஒன்றில் பாதி குறைந்திருக்கிறது. போன மழைக்கு எனக்கு விடாத இருமல். அம்சா வெந்நீரில் ஏதோ கலந்து கொடுத்தாள், நின்றது. என்ன கலந்தாய் என்று நான் கேட்கவில்லை.

பெட்டி வைத்த முதல் நாலு வருஷம் காய் எப்படி வந்தது என்கிறீர்கள். ஒவ்வொன்றும் குடம் மாதிரி. ஒரு சொத்தை கிடையாது, ஒரு கோணல் கிடையாது. வியாபாரி வந்து பார்த்துவிட்டு, "பெரியவரே, உங்க காயெல்லாம் ஒரே அச்சுல ஊத்துன மாதிரி இருக்குதே, இன்னா போடுறீங்க?" என்பான். நான் தொழுஉரம் என்பேன். வேப்பம்புண்ணாக்கு என்பேன். ராசியான கை என்று ஊரில் சொன்னார்கள். நாற்பது வருஷமாக அதே கைதான், அதற்கு முன்னால் ஏன் அப்படி வரவில்லை என்று கேட்காதீர்கள். அதற்கு முன்னால் விதை சரியில்லை.

ஐந்தாம் வருஷம்தான் தகராறு. வெட்டுக்கு முந்தின நாள் வரைக்கும் தண்ணீர் பாய்ச்சியிருந்தேன், காய் எடை நிற்கட்டும் என்று. வியாபாரி வந்தான், ஒரு காயைக் குத்தி, ஒரு துண்டு வாயில் போட்டு, துப்பினான். "பெரியவரே, சக்கர இல்லையே. தண்ணியா இருக்குது" என்றான். இன்னொன்று குத்தினான். அதுவும் அப்படித்தான். பாதிக் காயை வயலிலேயே விட்டுவிட்டுப் போய்விட்டான்.

அன்றைக்கு நான் வரப்பில் உட்கார்ந்து யோசித்தேன். சர்க்கரை எங்கே போனது? என் வயலில் விளைந்த சர்க்கரை காயில் இல்லை. அப்புறம் எங்கே? தலையைத் தூக்கிப் பார்த்தால் எதிரே எட்டு பெட்டி. பூவிலேயே உட்கார்ந்து உறிஞ்சிக்கொண்டு போய்விட்டால் காய்க்கு என்ன மிஞ்சும்? எனக்குப் படிப்பு இல்லை, ஆனால் கணக்கு புரியும். பாட்டில் பாட்டிலாக அங்கே இனிப்பு, இங்கே தண்ணீர்.

அம்சாவிடம் சொன்னேன். "யோவ், பூவுல இருக்கிறது வேற, காயில வர்றது வேற" என்றாள். "உனக்கு இன்னா தெரியும்" என்றேன். "தனம் சொல்லிச்சு. அதுங்க வந்து உக்காந்தாதான் பிஞ்சு நிக்குமாம்" என்றாள். தனம் சொன்னாளாம். தனம் சொல்லாமல் வேறு யார் சொல்வார்கள். திருடுகிறவன் நான் உன் வீட்டுக்குக் காவல் என்றுதான் சொல்வான்.

நான் சத்தம் போட்டுப் பேசவில்லை தம்பி. எனக்குக் கோபம் என்று நினைக்கிறீர்களா? அதெல்லாம் ஆறிவிட்டது. நடந்ததைச் சொல்கிறேன்.

போன வருஷம் தை. பூ விட்டுவிட்டது. இலைக்கு அடியில் சாறு உறிஞ்சுகிற அசுவினிப் பேன் இருந்தது. எல்லா வருஷமும் இருக்கும். மருந்துக் கடைக்குப் போனேன். கடைக்காரப் பையன் டப்பாவை எடுத்துக் கொடுத்து, "பூ இருந்தா சாயங்காலம் அடிங்க, காலையில வேணாம், ஒரு தடவ போதும்" என்றான். சாயங்காலம் எனக்கு வேறு வேலை இருந்தது. காலை ஏழரை மணிக்கு ஸ்பிரேயரை முதுகில் மாட்டிக்கொண்டு இறங்கினேன். பூவெல்லாம் விரிந்திருந்தது. பூச்சி எல்லாம் பூவில் இருந்தது. நான் அசுவினிக்குத்தான் அடித்தேன். இலைக்கு அடித்தால் பூ மேலேயும் படத்தானே செய்யும்.

மறுநாளும் அடித்தேன். அதற்கு மறுநாளும் அடித்தேன். ஒரு தடவையில் போகாது என்று எனக்குத் தோன்றியது.

மூன்றாம் நாள் அவள் வரப்புக்கு வந்தாள். முந்தானையை இரண்டு கையாலும் சேர்த்துப் பிடித்திருந்தாள், காய் பறித்து வருகிற மாதிரி. வரப்பில் நின்று முந்தானையை அவிழ்த்தாள். செத்த பூச்சி. அரைப்படி இருக்கும். எள்ளைக் கொட்டின மாதிரி கொட்டியது, சத்தம்கூட வரவில்லை. சிலது இன்னும் காலை ஆட்டிக்கொண்டிருந்தது. நாக்கு வெளியே நீட்டிக்கொண்டிருந்தது. தேனீக்கு நாக்கு உண்டு என்பது எனக்கு அன்றுதான் தெரியும்.

மாட்டைப் பார்க்கவில்லை அவள். என்னைப் பார்த்தாள். பத்து வருஷத்தில் முதல் தடவை.

"அண்ணா" என்றாள். "மருந்து அடிக்காதேன்னு சொல்லலண்ணா. சாயங்காலம் அடி. பூ மூடிக்கும், இதுங்க வீட்டுக்குள்ள போயிடும். ஒரு பத்து நாளைக்கு மட்டும்ணா. காலையில மட்டும் வேணாம்."

அவ்வளவுதான் சொன்னாள். அழவில்லை. கத்தவில்லை. பெரியவர்களைக் கூட்டவில்லை. கத்தியிருந்தால் நானும் கத்தியிருப்பேன், அதோடு போயிருக்கும்.

நான் என்ன செய்தேன் என்றால், மாட்டைப் பார்த்தேன். "செவலை, யாரு நெலத்துல யாரு எப்போ மருந்து அடிக்கணும்னு சொல்ற அளவுக்கு வந்துடுச்சா?" என்றேன். மாடு தலையை ஆட்டியது. ஈ மொய்த்தால் ஆட்டும்.

அவள் பதில் சொல்வாள் என்று நினைத்தேன். "செவலை, நீயே கேளு நியாயத்த" என்று ஏதாவது சொல்வாள், அவளுக்கு அதெல்லாம் டக்கென்று வரும். சொல்லவில்லை. மாட்டின் நெற்றியைத் தடவிக் கொடுத்துவிட்டுப் போய்விட்டாள். மறுநாள் காலையும் நான் ஸ்பிரேயரை மாட்டினேன். அடிக்க வேண்டியிருக்கவில்லை. பூவில் ஒன்றும் இல்லை. வயல் சத்தமில்லாமல் இருந்தது. திரும்பி வந்துவிட்டேன்.

எட்டில் ஆறு பெட்டி போய்விட்டது என்று அம்சா சொன்னாள். மிச்சம் இரண்டையும் எடுத்துக்கொண்டு தங்கை மாசி மாசம் பெண் வீட்டுக்குப் போய்விட்டாள், இந்த ஆலங்குப்பத்துக்கு. ஒரு பொழுது சாய்ந்த நேரம் சிவராஜ் வண்டி கொண்டு வந்து ஏற்றினான். கிண்ணங்களை மட்டும் விட்டுவிட்டுப் போனாள். முப்பத்திரண்டு கிண்ணம். மழை பெய்தால் இப்போதும் தண்ணீர் நிற்கிறது.

சரி, போனாள். போகட்டும். நிம்மதியாகப் பயிர் வைக்கலாம் என்றுதான் நினைத்தேன். ஆனால் கேளுங்கள், அந்த வருஷம் என்ன ஆயிற்று என்று. பூ இருக்கிறது. பெண் பூவுக்கு அடியில் பட்டாணி அளவு பிஞ்சு இருக்கும், அதுவும் இருக்கிறது. இரண்டு நாளில் பிஞ்சு மஞ்சளாகும். மூன்றாம் நாள் விரல் பட்டால் உதிரும். வயல் முழுவதும் அப்படி. தப்பித் தவறி நின்றது எல்லாம் கோணல். ஒரு பக்கம் வீங்கி ஒரு பக்கம் சூம்பி, சுரைக்காயா தர்பூசணியா என்று தெரியாமல். அந்த வியாபாரி எட்டிப் பார்த்துவிட்டு வண்டியைத் திருப்பினான்.

அவள்தான் காரணம். வேறு என்ன? இருக்கிற இரண்டு பெட்டியையாவது வைத்துவிட்டுப் போயிருக்கலாம். மொத்தமாகத் தூக்கிக்கொண்டு போய் என் வயலை வெறும் வயலாக்கிவிட்டாள். நான் இதை அம்சாவிடம் சொன்னேன். அவள் கையிலிருந்த முறத்தைக் கீழே வைத்து என்னைப் பார்த்தாள். அன்றிலிருந்து அம்சாவும் என்னிடம் அதிகம் பேசுவதில்லை. மாட்டிடம் பேசுகிறாள்.

இந்த வருஷம் விவசாய ஆபீசர் வந்தார். சின்னப் பெண். "தேனீ இல்லன்னா நீங்கதாங்க ஐயா தேனீ" என்றாள். எப்படிச் செய்வது என்று காட்டினாள். ஆண் பூவைப் பறிக்க வேண்டும், இதழைக் கிள்ளிவிட வேண்டும், நடுவில் மாவு மாதிரி இருப்பதைப் பெண் பூவின் மேல் தொட்டுத் தொட்டு வைக்க வேண்டும். மூன்று பக்கமும் படணும், ஒரு பக்கம் விட்டால் காய் கோணல் என்றாள். காலை ஏழு மணியிலிருந்து பத்துக்குள்.

இரண்டே கால் ஏக்கர் தம்பி. நானும் அம்சாவும். அவளுக்கு அறுபது, எனக்கு அறுபத்தாறு. குனிந்து ஒரு பூ, குனிந்து ஒரு பூ. பத்து மணிக்குத் திரும்பிப் பார்த்தால் நாலு பாத்தி முடிந்திருக்கும். மீதி எல்லாம் விரிந்து காத்திருக்கும், காத்திருந்துவிட்டு மூடிக்கொள்ளும். இன்று விரிந்த பூ நாளைக்கு விரியாது. கையெல்லாம் மஞ்சள் மாவு. இந்த இரண்டு விரலும் மரத்துப்போய்விட்டது, பாருங்கள், கிள்ளினால்கூடத் தெரியவில்லை. ஒரு நாள் அம்சா இடுப்பைப் பிடித்துக்கொண்டு நிமிர்ந்து, மாட்டைப் பார்த்து, "செவலை, நாத்தனா வளர்த்த பூச்சி சம்பளம் இல்லாம செஞ்ச வேல இது" என்றாள். செவலை இப்போது இல்லை, அதன் கன்றுதான். பேர் அதே பேர்.

நான் தொட்ட பூவில் பிஞ்சு நின்றது. அதைச் சொல்ல வேண்டும். தொடாததில் நிற்கவில்லை.

பொங்கல் முடிந்து அம்சா ஆலங்குப்பம் போய் வந்தாள், என்னிடம் சொல்லாமல். வந்து அடுப்படியில் நின்றுகொண்டு சொன்னாள். "தனம் ரெண்டு பெட்டியும் அனுப்புதாம். பூ இருக்கிற வரைக்கும் நம்ம வயல்ல இருக்கட்டும்னு சொல்லிச்சு. காலையில மட்டும் மருந்து வேணாம்னு உன்கிட்ட சொல்லச் சொல்லிச்சு."

"வேணும்னா வந்து சொல்லட்டும்" என்றேன்.

"அதுக்கு நெஞ்சு வலி. மாத்திர சாப்பிடுது. எப்படி வரும்?"

"வலி சரியானதும் வந்து சொல்லட்டும்."

நான் வேண்டாம் என்று சொல்லவில்லை, கவனியுங்கள். வந்து சொல்லட்டும் என்றேன். அவள் வந்திருந்தால் சரி என்றிருப்பேன். பெரும்பாலும் சரி என்றிருப்பேன்.

இது பத்து நாளைக்கு முன்னால்.

நேற்று சிவராஜ் போன் செய்தபோது நான் வயலில் குனிந்திருந்தேன். கையில் ஆண் பூ இருந்தது. செய்தியைக் கேட்டுவிட்டு, கையில் இருந்த பூவை ஒரு பெண் பூவில் தொட்டு வைத்துவிட்டுத்தான் நிமிர்ந்தேன். ஏன் என்று தெரியவில்லை. பறித்த பூவை வீணாக்குவானேன்.

இன்று காலை எல்லாம் விரிந்திருந்தது. யாரும் இறங்கவில்லை. மத்தியானம் ஆகிவிட்டதே, இந்நேரம் மூடியிருக்கும்.

புடவைக் கடையில், "யாருக்குங்க ஐயா?" என்றான். சொன்னேன். "புருஷன் இல்லாதவங்கன்னா வெள்ள எடுத்துடலாமா?" என்றான். வேண்டாம் என்றேன். வெள்ளை சீக்கிரம் அழுக்காகும். மஞ்சள் எடுத்தேன். மஞ்சளிலேயே நாலைந்து காட்டினான், அடர்த்தியாக ஒன்று, சந்தனம் மாதிரி ஒன்று. எனக்கு ஒரு மஞ்சள் தெரியும், அதுதான் வேண்டும் என்றேன், அதைத் தேடி எடுக்கத்தான் ஒன்பதரை பஸ் போய்விட்டது. கடைக்காரன் மேல் தப்பில்லை.

கொஞ்சம் முன்னால் அம்சா போன் செய்தாள், நீங்கள் ஏறுவதற்கு முன்னால். "எங்கயா இருக்க? எல்லாரும் ஒக்காந்திருக்கிறாங்க" என்றாள். வருகிறேன் என்றேன். அப்புறம் ஒன்று சொன்னாள். வாசலில் இரண்டு பெட்டியும் கயிறு போட்டுக் கட்டி வைத்திருக்கிறதாம். நேற்று விடிந்ததும் தனபாக்கியமே பக்கத்தில் நின்று கட்டச் சொல்லியிருக்கிறாள். சாயங்காலம், அதுகள் எல்லாம் உள்ளே வந்ததும் வாசலை அடைத்து வண்டியில் ஏற்றி நம் ஊருக்கு அனுப்பச் சொன்னாளாம். அப்புறம் கஞ்சி குடித்துவிட்டுப் படுத்தவள் எழுந்திருக்கவில்லை.

வந்து சொல்லட்டும் என்று நான் சொல்லியனுப்பியது அவளுக்குத் தெரியும். அம்சா அன்றைக்கே போனில் சொல்லிவிட்டாள். தெரிந்தும் கட்டி வைத்திருக்கிறாள். அவள் எப்போதும் அப்படித்தான் தம்பி. என்னைக் கேட்டு ஒரு காரியம் செய்தது கிடையாது.

என்ன, வேகம் குறைகிறதா? ஆலங்குப்பம் வளைவுதான். இன்னும் ஸ்டாப்பிங் வரவில்லை.

உங்களிடம் ஒன்று கேட்க வேண்டும். கேட்க என்ன இருக்கிறது, சொல்கிறேன். எங்கள் பங்காளிகளில் ஒரு வழக்கம். கோடி போர்த்துகிறவன் தலைமாட்டில் நின்று, பேர் சொல்லிக் கூப்பிட வேண்டும். அம்மா இன்னாரே, பிறந்த வீட்டிலிருந்து வந்திருக்கிறேன், இதைக் கட்டிக்கொண்டு போ என்று. எல்லாருக்கும் கேட்கிற மாதிரி சொல்ல வேண்டும். சொன்னால்தான் போர்த்தலாம். போர்த்தினால்தான் எடுக்கலாம். பதினோரு வருஷமாக அந்தப் பேரை நான் வாயால் சொன்னதில்லை. இந்த பஸ்ஸில் உங்களிடம் சொன்னதுதான். பேர் வருகிறது, பார்த்தீர்களா, உங்களிடம் வருகிறது. அங்கே நேராக அவள் முகத்தைப் பார்த்துச் சொல்ல வேண்டும். அங்கே மாடு இருக்காது.

கண்டக்டர் குரல் கொடுக்கிறார். வருகிறேன் என்று சொல்லுங்கள். ஒரு நிமிஷம்.

அந்தப் பெட்டியைக் கொஞ்சம் இப்படித் திருப்புங்கள். வாசல் என் பக்கம் வரட்டும். உங்களிடம் இல்லை தம்பி, இதனிடம்.

ஏய். கேக்குதா? இனிமே சாயங்காலம்தான் அடிப்பேன். பூ மூடினதுக்கு அப்புறம். அவகிட்ட சொல்லு.

சத்தம் நிற்கவில்லை. பாருங்கள், அது பாட்டுக்கு ஓடிக்கொண்டிருக்கிறது.

அதோ பந்தல் தெரிகிறது. சிவராஜ் ரோட்டிலேயே வந்து நிற்கிறான். அந்தப் பையை மட்டும் எடுத்து என் கையில் கொடுங்கள். இல்லை, இருங்கள், நானே எடுத்துக்கொள்கிறேன். இந்த டிரைவர் பிரேக்கை மிதித்துத்தான் நிறுத்துவார். நான் தாண்டிப் போகிற வரைக்கும் நீங்கள் அந்தப் பெட்டியை இரண்டு கையாலும் கெட்டியாகப் பிடித்துக்கொள்ளுங்கள்.